பொத்தான் ஊரில் என்ன பேசுவது?

தம்பி, உங்கள் கேள்வியைப் படித்ததும் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அமெரிக்காவின் அயோவா மாநிலத்தில் மஸ்கட்டீன் என்ற ஊரில் வேலை கிடைத்திருக்கிறது, ஏப்ரலில் மனைவியோடும் எட்டு வயது மகளோடும் வருகிறீர்கள். "இருபத்து நாலாயிரம் பேர்கூட இல்லாத ஆற்றோர ஊராம், அங்கே என்ன இருக்கிறது? பேசாமல் டேவன்போர்ட்டில் வீடு எடுத்துக்கொண்டு தினமும் போய்வரலாமா? அந்த ஊர்க்காரர்களிடம் வானிலையைத் தவிர என்னதான் பேசுவது?" என்று கேட்டிருக்கிறீர்கள். நான் இங்கே வந்து பதினேழு வருடம் ஆகிறது. முதல் வருடம் முழுக்க என் அம்மாவிடம் போனில் இதையேதான் புலம்பினேன்.

சின்ன விஷயத்தை முதலில் முடித்துவிடுகிறேன். டேவன்போர்ட் சுமார் 30 மைல், அயோவா சிட்டி 40 மைலுக்குச் சற்றுக் குறைவு. இட்லி அரிசி, கறிவேப்பிலை எல்லாம் அந்தப் பக்கம்தான். மாதம் இரண்டு தடவை போனால் போதும். ஜனவரிப் பனியில் காலையும் மாலையும் அந்தச் சாலையை ஓட்ட வேண்டுமா என்று நீங்களே யோசியுங்கள். நான் சொல்வது, ஊருக்குள்ளேயே இருங்கள். பெயரைச் சொல்லும்போது கடைசி 'டீன்'-ஐ அழுத்திச் சொல்லுங்கள். 1850 வரை இதன் பெயர் புளூமிங்டன். அக்கம்பக்கத்தில் ஏகப்பட்ட புளூமிங்டன்கள் இருந்து தபால் குழம்பியதால் மாற்றிவிட்டார்கள். இப்போது உலகத்திலேயே இந்தப் பெயரில் வேறு ஊர் கிடையாது என்று பெருமையாகச் சொல்லிக்கொள்வார்கள்.

சரி, பேச்சு விஷயத்துக்கு வருகிறேன்.

வந்த அடுத்த வசந்தத்தில் வாடகை வீட்டின் பின்பக்கம் தக்காளி நடலாம் என்று மண்ணைக் கிளறினேன். மண்வெட்டியில் ஒரு சிப்பி தட்டுப்பட்டது. உள்ளங்கை அகலம், நல்ல கனம், உள்பக்கம் பால் நிறத்தில் மினுங்கியது. அதில் நாலு வட்ட ஓட்டைகள், அச்சு வைத்து வெட்டியதுபோல் அவ்வளவு சுத்தமாக. தோண்டத் தோண்ட அதுபோலவே ஏழெட்டு வந்தன. குப்பை என்று நினைத்து வாளியில் போட்டுத் தெருவோரம் வைத்தேன். பக்கத்து வீட்டு அம்மாள், அப்போதே எண்பதைத் தாண்டியவர், அதுவரை என்னைப் பார்த்துக் கையை மட்டும் ஆட்டுவார். அன்று வாளியைப் பார்த்துவிட்டு நேராக வந்து, இதையா எறியப்போகிறாய் என்று கேட்டார். அவருடைய அம்மா சமையலறை மேசையில் உட்கார்ந்து, அட்டை அட்டையாகப் பொத்தான் தைத்துக் கொடுத்துத்தான் குடும்பத்தை ஓட்டினாராம். அந்தப் பொத்தான்களை வெட்டியெடுத்த சிப்பிதான் என் வாளியில் கிடந்தது. அன்று பேச ஆரம்பித்தவர், இருட்டும்வரை வீட்டுக்குப் போகவில்லை.

ஊரின் பழைய சந்துகளிலும் தோட்டங்களிலும் ஆற்றங்கரையிலும் அந்த ஓட்டைச் சிப்பிகள் இன்னும் கிடைக்கும். பள்ளம் நிரப்பக்கூட அவற்றைத்தான் கொட்டியிருக்கிறார்கள். காரணம் ஜான் பெப்பிள் என்ற ஜெர்மானியர். ஹாம்பர்க் பக்கம் பொத்தான் கடைந்து செய்யும் தொழில் தெரிந்தவர், 1887இல் அமெரிக்கா வந்தார். இந்த ஊரையொட்டி ஓடும் மிசிசிப்பி ஆற்றின் அடியில் தடித்த ஓடுள்ள சிப்பி கொட்டிக் கிடந்தது. 1890இல் வெளிநாட்டுப் பொத்தானுக்கு அமெரிக்கா கடுமையாக வரி போட, உள்ளூரில் செய்தால் லாபம் என்று ஆயிற்று. 1891இல் இங்கே சின்னதாகப் பட்டறை போட்டார். தொழில் ரகசியத்தை எவ்வளவுதான் பொத்திவைத்தாலும் நிற்குமா? சில வருடங்களில் ஊரெல்லாம் பட்டறை. 1905இல் இந்த ஒரு ஊரிலிருந்து வருடத்துக்கு 150 கோடிப் பொத்தான், அதாவது அன்றைய உலக உற்பத்தியில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல். நீங்கள் திருப்பூர்க்காரர், ஒரே தொழிலை நம்பி ஒரு ஊர் நிற்பதென்றால் என்ன என்று உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

சிப்பி பிடிக்கும் விதம்தான் எனக்கு மிகவும் பிடித்தது. தட்டையான படகில் ஒரு நீளக் கம்பி, அதிலிருந்து சரம் சரமாகத் தொங்கும் கொக்கிகள். இரை எதுவும் கிடையாது. சிப்பி ஆற்றின் அடியில் வாயைத் திறந்தபடி இருக்கும். கொக்கி உரசியதும் ஆபத்து என்று நினைத்துப் படக்கென்று மூடிக்கொள்ளும், பிறகு விடாது. அந்தப் பிடிவாதத்தாலேயே மேலே வந்து சேரும். கரையிலேயே கூடாரம் போட்டுப் பெரிய தொட்டியில் வேகவைப்பார்கள். சதையைப் பன்றிக்குப் போடுமுன் முத்து ஏதும் இருக்கிறதா என்று விரலால் துழாவுவார்கள். நாற்றம் அடுத்த ஊர்வரை போகும் என்று அந்த அம்மாள் மூக்கைப் பிடித்துக் காட்டுவார். அப்புறம் சிப்பி ஓடுகளைப் பட்டறையில் நாள்கணக்கில் ஊறவைத்து, குழாய்போன்ற வட்ட ரம்பத்தால் வில்லை வில்லையாக வெட்டி, தேய்த்து, துளையிட்டு, பளபளப்பாக்கி, தரம் பிரித்து, கடைசியில் அட்டையில் தைக்க வீடுகளுக்கு அனுப்புவார்கள். வெட்டுகிறவர்களுக்கு விரலும் போகும், தூளைச் சுவாசித்து நெஞ்சும் போகும். கூலி எண்ணிக்கைக் கணக்கில்தான், அந்த எண்ணிக்கையிலேயே ஏமாற்றுகிறார்கள் என்று குமுறல். 1911இல் பெரிய கதவடைப்பும் வேலைநிறுத்தமும் வந்து, ஆளுநர் படையை அனுப்பும் அளவுக்குப் போனது. இதை மட்டும் ஆரம்பத்திலேயே கிளறாதீர்கள். தாத்தா எந்தப் பக்கம் நின்றார் என்பது சில வீடுகளில் இன்னும் சூடான விஷயம்.

பெப்பிளின் முடிவைக் கேளுங்கள். கடைசிக் காலத்தில் சிப்பி வளத்தைக் காப்பாற்றும் அரசு வேலையில் இருந்தார். ஆற்றில் இறங்கியபோது சிப்பி காலைக் கிழித்து, அது சீழ்ப்பிடித்து 1912இல் இறந்துபோனார். ஆறு கணக்குத் தீர்த்தது என்று இங்கே சொல்வார்கள். எனக்கு அந்தப் பேச்சு பிடிக்காது. ஆனால் அளவில்லாமல் அள்ளியதில் சிப்பி குறைந்துபோனது உண்மை. ஊரிலிருந்து சில மைல் தள்ளி ஃபேர்போர்ட்டில் 1908இல் சிப்பி வளர்ப்பு ஆராய்ச்சிக்கென்றே ஒரு நிலையம் வைத்தார்கள். சிப்பிக்குஞ்சு முதலில் மீனின் செவுளில் ஒட்டிக்கொண்டு சில வாரம் வளர்ந்த பிறகுதான் ஆற்றடியில் விழும். மீன் வராவிட்டால் சிப்பியும் இல்லை. அணைகள் மீனை மறித்தன, அப்புறம் பிளாஸ்டிக் வந்து தொழிலையே முடித்துவைத்தது. சில கம்பெனிகள் பிளாஸ்டிக் பொத்தானுக்கு மாறித் தாக்குப்பிடித்தன. பொத்தானுக்கென்றே ஊர் நடுவில் ஒரு அருங்காட்சியகம் இருக்கிறது. மகளைக் கட்டாயம் கூட்டிப்போங்கள்.

மகள் என்றதும் நினைவுக்கு வருகிறது. அவள் கொஞ்சம் வளர்ந்ததும் போகப்போகும் நடுநிலைப் பள்ளிக்கு சூசன் கிளார்க் என்று பெயர். அந்த சூசனுடைய அப்பா அலெக்ஸாண்டர் கிளார்க், 1842இல் பதினாறு வயதில் இங்கே வந்து முடிதிருத்தும் கடை போட்ட கறுப்பினத்தவர். நீராவிப் படகுகளுக்கு விறகு விற்று நன்றாகவே சம்பாதித்தார். 1867இல் சூசனை வெள்ளைப் பிள்ளைகளின் பள்ளியில் சேர்க்க மறுத்தார்கள், அவர் வழக்குப் போட்டார். 1868இல் அயோவா உச்ச நீதிமன்றம் சூசன் பக்கம் தீர்ப்புச் சொன்னது. நாடு முழுவதற்கும் அப்படியொரு தீர்ப்பு வர 1954 ஆயிற்று. அந்த மனிதர் அதோடு நிற்கவில்லை. 58 வயதில் சட்டப் பட்டம் வாங்கி, 1890இல் லைபீரியாவுக்கு அமெரிக்கத் தூதராகப் போனார், அடுத்த வருடம் அங்கேயே காலமானார். உடலை இங்கே கொண்டுவந்து அடக்கம் செய்தார்கள். என் மகனை முதல் நாள் பள்ளியில் விட்டபோது எனக்கு இந்தக் கதை தெரியாது. தெரிந்திருந்தால் வகுப்பு வாசலில் அவ்வளவு கூனிக்குறுகி நின்றிருக்க மாட்டேன் என்று தோன்றும்.

ஊர்க்காரர்கள் தாங்களாகவே சிரித்துக்கொண்டு சொல்லும் கதை நார்மன் பேக்கருடையது. மேடையில் மனதைப் படிக்கும் வித்தை காட்டியவர், காற்றில் இயங்கும் ஓர் இசைக் கருவி செய்து விற்றுப் பணக்காரர் ஆனார். 1925இல் இங்கே வானொலி நிலையம் தொடங்கி, மருத்துவர்களைத் திட்டியே புகழ்பெற்றார். ஊதா நிறத்தின்மேல் பைத்தியம், சட்டை, கார் எல்லாம் ஊதா. பிறகு கத்தி வைக்காமல் புற்றுநோயைக் குணப்படுத்துவதாகச் சொல்லி மருத்துவமனையே திறந்துவிட்டார். மருந்தில் இருந்தது தர்ப்பூசணி விதை, மக்காச்சோளக் கதிரின் நார், கொஞ்சம் கார்பாலிக் அமிலம், இப்படி. நம்பி வந்தவர்கள் ஏராளம், செத்தவர்களும் உண்டு. 1931இல் வானொலி உரிமம் போக, மெக்சிகோ எல்லைக்கு ஓடி அங்கிருந்து ஒலிபரப்பினார். கடைசியில் அர்கன்சாவில் அதே கடையை விரித்து, தபால் மோசடிக்காகச் சிறைக்குப் போனார். நம் ஊர் லாட்ஜ் வைத்தியர் விளம்பரங்களைப் பார்த்து வளர்ந்த நமக்கு இந்த ஆளைப் புரிந்துகொள்ளக் கஷ்டமே இல்லை.

மற்றதெல்லாம் ஒருவரிக் கதைகள். 1985இல் சீனாவின் ஹெபெய் மாகாணத்திலிருந்து பண்ணைகளைப் பார்க்க வந்த ஒரு இளம் அதிகாரி இங்கே ஒரு வீட்டுப் பையனின் அறையில் தங்கினார். அவர்தான் ஷி ஜின்பிங். 2012இல் பழைய நண்பர்களைப் பார்க்கத் திரும்பவும் வந்தார். மார்க் ட்வைன் 1850களில் கொஞ்ச காலம் இங்கே இருந்தார், அவர் அண்ணன் இங்கே பத்திரிகை நடத்தினார். இந்த ஊர் சூரிய அஸ்தமனத்துக்கு ஈடாக வேறெங்கும் பார்த்ததில்லை என்று அவர் எழுதியதை எல்லாரும் உங்களிடம் சொல்வார்கள், தலையாட்டிக்கொள்ளுங்கள். வீட் பார்க் என்றதும், 'வீட்' என்றால் கஞ்சாவாயிற்றே என்று நமட்டுச் சிரிப்புச் சிரிக்காதீர்கள், அது நிலம் கொடுத்த டாக்டரின் குடும்பப் பெயர். ஆகஸ்டில் தெற்கே மணற்பாங்கான நிலத்தில் விளையும் மெலன் பழத்தைத் தெருவோரக் கடையில் வாங்குங்கள். நம் கிர்ணிப்பழத்துக்கு அண்ணன். குளிர்காலத்தில் அணைக்குக் கீழே உறையாத தண்ணீரில் மீன் பிடிக்க வெண்தலைக் கழுகுகள் வரும், பைனாகுலர் இருந்தால் எடுத்து வாருங்கள்.

கடைசியாக வீடு. நீங்கள் பார்த்து வைத்திருக்கும் இரண்டில் ஒன்று மேட்டில், மற்றது தெற்கே தாழ்வான பக்கத்தில் என்று எழுதியிருக்கிறீர்கள். இங்கே ஆறு 16 அடியைத் தொட்டாலே வெள்ளம் என்று கணக்கு. 1993இல் 25 அடியைத் தாண்டியது. 2019இலும் ஆற்றோரச் சாலையை வாரக்கணக்கில் மூடிவைத்தார்கள். தாழ்வான பக்கத்துக்கு வெள்ளத்தடுப்புக் கரை இருக்கிறது, இருந்தாலும் முன்பணம் கொடுக்குமுன் வெள்ளக் காப்பீடு பற்றி விசாரியுங்கள். அதைவிட முக்கியம், அந்தத் தெருவில் வயதான யாரையாவது பார்த்து, 93இல் தண்ணீர் எதுவரை வந்தது என்று கேளுங்கள். கையால் சுவரைத் தொட்டுக் காட்டுவார்கள். அவசரமாகக் கிளம்பும் வேலை எதையும் அன்று வைத்துக்கொள்ளாதீர்கள்.