டீக்கடையில் வந்த மனத்தாங்கல்

கேள்வி: எனக்கு வயது 68. யாங்கூனில் எங்கள் தெருமுனை டீக்கடையில் தினமும் காலையில் போய் உட்காருவது பல வருடப் பழக்கம். போன வாரம் என் மேசைக்கு வந்த பர்மியப் பையன் ஒருவன் செல்போனில் சத்தமாக வீடியோ பார்த்துக்கொண்டிருந்தான். "பெரியவங்க இருக்கிறது தெரியலையா?" என்று அதட்டினேன். "ஊலே (பர்மிய மொழியில் மரியாதையாக 'மாமா'), நீங்க ஒரே ஒரு டீயை வாங்கிட்டு ரெண்டு மணி நேரம் உட்காரலையா?" என்று எல்லோர் முன்னாலும் கேட்டுவிட்டான். அதிலிருந்து அந்தப் பக்கமே போகவில்லை. நான் செய்தது தப்பா?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகர், யாங்கூன்

பதில்: ஐயா, சத்தம் விஷயத்தில் நியாயம் உங்கள் பக்கம்தான். முழங்கால் உயர மேசை, சுற்றி நாலு குட்டி பிளாஸ்டிக் ஸ்டூல். அங்கே ஒரு போன் அலறினால் மற்றவர்கள் எங்கே போவது? இயர்போன் மாட்டிக்கொள்ள வேண்டியது அவன் பொறுப்பு.

ஆனால் அவன் கேட்டதையும் ஒரேயடியாகத் தள்ள முடியாது. பர்மா டீக்கடையில் ஒரு டீ வாங்கினால் போதும், மேசையில் இருக்கும் பிளாஸ்கிலிருந்து பால் சேர்க்காத வெறும் டீத்தண்ணியை இலவசமாக ஊற்றிக்கொண்டு நெடுநேரம் இருக்கலாம். யாரும் எழுப்புவதில்லை. அந்த உரிமை உங்களுக்கு இருக்கிற மாதிரி அவனுக்கும் உண்டு.

இன்றைய பிள்ளைகளின் பாட்டையும் பாருங்கள். கரண்ட் முறை வைத்து வருகிற ஊரில், போனுக்குச் சார்ஜ் ஏற்றவே ஜெனரேட்டர் ஓடும் டீக்கடையைத் தேடி வருகிறார்கள். 2024 பிப்ரவரியில் கட்டாய ராணுவச் சேவைச் சட்டத்தை அமலாக்கியதிலிருந்து, 18 முதல் 35 வயது வரையுள்ள ஆண்பிள்ளைகள் எப்போது தங்கள் பெயர் வருமோ என்ற பயத்தோடு நடமாடுகிறார்கள். கூடப் படித்தவர்கள் தாய்லாந்து, மலேசியா என்று கிளம்பிவிட்டார்கள். அந்த மனநிலையில் இருக்கிறவனை நாலு பேர் முன்னால் அதட்டினால் சுருக்கென்றுதான் இருக்கும். உங்களுக்கும் அந்த நாலு பேர் முன்னால் பட்டதுதானே வலிக்கிறது?

மரியாதை தெரியாத பையன் என்று முடிவுகட்ட வேண்டாம். தடின்ஜுத் என்ற பர்மிய விளக்குப் பண்டிகைக்குப் பெரியவர்களைத் தேடிப்போய் விழுந்து கும்பிட்டு வளர்ந்த பிள்ளைகள் இவர்கள். கோபத்திலும் உங்களை 'ஊலே' என்றுதானே கூப்பிட்டிருக்கிறான்!

நாளைக்கே கடைக்குப் போங்கள். அவன் வந்தால் பழசைக் கிளறாமல், பிளாஸ்கிலிருந்து அவன் கோப்பையிலும் கொஞ்சம் ஊற்றுங்கள். மறுபடி சத்தம் வைத்தால், "தம்பி, கொஞ்சம் குறைச்சுக்கப்பா" என்று அவனுக்கு மட்டும் கேட்கிற மாதிரி பர்மிய மொழியில் சொல்லுங்கள். அதற்கும் மசியவில்லையா, சரி, கடைக்காரரிடம் விட்டுவிடுங்கள், அவர் பார்த்துக்கொள்வார். அப்புறம், கூட்டம் நெரிகிற நேரத்தில் நீங்களும் இரண்டாவது டீ ஒன்று சொல்லிவிடுங்கள். கடைக்காரருக்கும் பிழைப்பு ஓட வேண்டுமே.