‘பிளண்டர்’ (plunder) என்னும் ஆங்கில வினை எங்கிருந்து வந்தது?

வணக்கம். 1643இல் இங்கிலாந்தின் பர்மிங்காம் ஊரில் நடந்ததைப் பற்றிய கட்டுரையை மொழிபெயர்க்கும் நீங்கள், அதில் வரும் ‘பிளண்டர்’ (சூறையாடு) என்ற வினையும் ‘லூட்’ (loot, கொள்ளையடி) போல இந்தியாவிலிருந்து ஆங்கிலத்துக்குச் சென்றதா என்று கேட்டிருக்கிறீர்கள். இல்லை. லூட் இந்தியிலிருந்து கிழக்கிந்தியக் கம்பெனிக் காலத்தில் போய்ச் சேர்ந்தது. பிளண்டர் அதற்கு வெகுமுன்பே ஜெர்மன் மொழியிலிருந்து வந்துவிட்டது. அங்கே அதன் பெயர்ச்சொல் படுக்கை, துணிமணி முதலான தட்டுமுட்டுச் சாமான்களைக் குறித்ததால் (இன்றைக்கு அது வெறும் ஓட்டை உடைசல்), வீடு புகுந்து அவற்றை வாரிக்கொண்டு போவதே வினையின் முதற்பொருள் ஆயிற்று.

முப்பதாண்டுப் போரில் (1618–1648) ஜெர்மன் ஊர்கள் பட்ட பாட்டைச் சொல்லும் செய்திகளோடு 1630களில் ஆங்கிலத்துக்குள் நுழைந்த இச்சொல், 1642இல் இங்கிலாந்திலேயே உள்நாட்டுப் போர் மூண்டதும் பரவலாகப் புழங்கத் தொடங்கியது. அரசர் தரப்பின் இளவரசர் ரூப்பர்ட்டின் படை மறு ஆண்டு ஏப்ரலில் பர்மிங்காமைத் தாக்கி வீடுகளுக்குத் தீ வைத்தது. நாடாளுமன்றத் தரப்பினர் இச்சொல்லை அவர் பெயரோடு சேர்த்தே பேசினார்கள்.

உங்கள் கட்டுரையில் அச்சொல் வரும் இடத்துக்குச் ‘சூறையாடினர்’ என்பதே பொருந்தும் என்பது என் கருத்து. ‘கொள்ளையடித்தனர்’ தவறில்லை, ஆனால் அது வழிப்பறிக்காரனுக்கும் பொருந்திவிடும். ‘திருடினர்’ என்பது பட்டப்பகலில் ஒரு படை செய்ததற்கு ஒட்டவே ஒட்டாது.