வேலிக்கு வெளியே

கேள்வி: சேதுக்கரைப் பக்கம் ஒரு தென்னந்தோப்புக்குக் காவலாக என் தாத்தாவை வைத்தார்கள். தோப்புக்காரர் குடும்பம் கீழக்கரையில். வெட்டுக்கு நூறு காய்க்கு இத்தனை என்று கூலி. அப்பா காலத்தில் வேலிக்கு வெளியே, கடல் பக்கம் ஓட்டுவீடு போட்டோம். வீட்டு வரி, கரண்ட் பில் எங்கள் பெயரில்தான். பி-மெமோ கட்டிய ரசீதும் இரண்டு இருக்கிறது. இப்போது தோப்புக்காரரின் பேரன் துபாயிலிருந்து வந்து, விற்கப்போகிறேன், தோப்பையும் வீட்டையும் காலி பண்ணு என்கிறார். 12 வருஷம் இருந்தாலே இடம் நமக்குத்தானாமே. கேஸ் போடலாமா?
(பெயர் வேண்டாம், சேதுக்கரை)

பதில்: தம்பி, 12 வருஷக் கணக்கு பொய்யில்லை, 1963-ஆம் வருஷ லிமிடேஷன் சட்டத்தில் இருக்கிறது. ஆனால் குடிவந்த தேதியிலிருந்து அதை எண்ண முடியாது. 'இது என் இடம், உனக்கு இங்கே பாத்தியதை இல்லை' என்று உடையவருக்குத் தெரியும்படி நீங்கள் எதிர்த்து நின்ற நாளிலிருந்துதான் எண்ண வேண்டும். கோர்ட்டில் இதை எதிரிடை அனுபவம் என்போம். உங்கள் தாத்தா கூலி வாங்கிக் காவல் இருந்தவர். காவல்காரர் எத்தனை வருஷம் இருந்தாலும் அவருக்கு உரிமை வராது என்று 2012-இல் மரியா மார்கரிடா வழக்கில் உச்ச நீதிமன்றம் வெட்டு ஒன்று துண்டு இரண்டாகச் சொல்லிவிட்டது. எதிரிடை அனுபவத்தை வைத்து நாமே வழக்குப் போடலாம் என்று 2019-இல் வந்த தீர்ப்பைக் காட்டி உங்களிடம் ஃபீஸ் கேட்பவர்கள் உண்டு. என் தொழில்காரர்களான வக்கீல்களைத்தான் சொல்கிறேன். காவல்காரர் குடும்பத்துக்கு அந்தத் தீர்ப்பு உதவாது. தோப்பை மறந்துவிடுங்கள்.

வீடு வேறு விஷயம். 'வேலிக்கு வெளியே' என்று போகிறபோக்கில் எழுதியிருக்கிறீர்கள். நான் அந்த வரியைத்தான் திரும்பத் திரும்பப் படித்தேன். வேலியை மட்டும் நம்பாதீர்கள். நம் கடற்கரையில் உடைமுள் வேலி வருஷத்துக்கு ஒரு இடத்தில் நிற்கும். வி.ஏ.ஓ.விடம் போய் வீடு எந்த சர்வே நம்பரில் நிற்கிறது என்று கேளுங்கள். நிலம் யாருடையது என்று காட்டும் அ-பதிவேடும், எல்லை அளவு காட்டும் புலப்படமும் எடுங்கள். பி-மெமோ என்பது சர்க்கார் இடத்தை ஆக்கிரமித்திருப்பதாகப் போடும் அபராத நோட்டீஸ். அது வந்திருப்பதைப் பார்த்தால் இடம் சர்க்கார் புறம்போக்காகத்தான் இருக்க வேண்டும். அப்படியானால் பேரனின் பத்திரம் வேலியோடு நின்றுபோகிறது. உங்களைக் கிளப்ப அவருக்குப் பாத்தியதை இல்லை. மீறி ஜேசிபியைக் கொண்டுவந்தால் 6 மாதத்துக்குள் வழக்குப் போடுங்கள். சொத்து யாருடையது என்ற பேச்சே இல்லாமல், சுவாதீனத்தைப் பறித்ததற்காக மட்டும் திருப்பிக் கொடுக்கச் சொல்லும் பிரிவு இருக்கிறது. 6 மாதம் தாண்டினால் அந்தக் கதவு அடைத்துவிடும்.

சர்க்காரிடம் இந்தப் பேச்சு எடுபடாது. அங்கே கணக்கு 12 இல்லை, 30. அதோடு பி-மெமோ கட்டியவர் இடம் சர்க்காருடையது என்று தானே ஒத்துக்கொண்டவர் ஆகிறார். பேரனிடம் உங்களுக்குச் சாட்சி சொல்லும் அதே ரசீது, தாசில்தாரிடம் உங்களுக்கு எதிராகச் சொல்லும். ஆனாலும் 1905-ஆம் வருஷ ஆக்கிரமிப்புச் சட்டப்படி நோட்டீஸ் கொடுக்காமல் அவர்களும் உங்களை எடுக்க முடியாது. நோட்டீஸ் வந்தால் வாங்க மறுக்காதீர்கள், பதில் எழுதுங்கள். வரி ரசீதும் கரண்ட் பில்லும் நீங்கள் அங்கே இருப்பதைக் காட்டும், எந்த உரிமையில் என்று காட்டாது.

அளந்து பார்த்து வீடு தோப்பு நம்பருக்குள்ளேயே விழுந்தால்? அப்போது வழக்கை விட பேச்சுதான் நல்லது. ஆள் இருக்கும் இடத்தை வாங்க வருகிறவர் விலையைக் குறைப்பார், பேரனுக்கும் விடுப்பு நாள் ஓடிக்கொண்டிருக்கும். கிரயம் முடியுமுன் 5 சென்ட் கேளுங்கள். கொடுத்தால் ரெஜிஸ்டர் பண்ணி வாங்குங்கள். வெள்ளைத்தாளில் கையெழுத்து மட்டும் வேண்டாம்.

சர்வேயரை வைத்து அளந்துவிட்டு, சர்வே கல்லுக்கும் உங்கள் வீட்டுச் சுவருக்கும் எத்தனை அடி என்று எனக்கு மறுபடி எழுதுங்கள்.