அசாந்தி ஸ்டூலில் விரிசல், கூடவே மரத்தூள்: எதை முதலில் கவனிப்பது?

கேள்வி: கானாவின் அக்ரா நகரில் வேலை பார்க்கிறேன். குமாசி அருகே அஹ்வியா கிராமத்தில் அசாந்தி ஸ்டூல் (அங்குள்ள அசாந்தி மக்களின் மர இருக்கை) ஒன்று வாங்கினேன். இரண்டு மாதத்தில் இருக்கையின் ஓரம் விரிந்துவிட்டது. அடியில் மாவு போல் தூளும் கொட்டுகிறது. பசை அடைத்து வார்னிஷ் பூசலாமா?

பதில்: இப்போது வேண்டாம். விரிசல் காத்திருக்கும், தூள்தான் அவசரம்.

இந்த ஸ்டூல்களைச் செதுக்கும் செசே போன்ற வெளிர்நிற மரங்களில் மாவுச்சத்து உண்டு. அதைத் தின்னும் வண்டுப் புழுக்கள்தான் மரத்தை உளுத்துப்போக வைக்கின்றன. வார்னிஷ் பூசினாலும் உள்ளே இருக்கும் புழு சாகாது. ஸ்டூலை பாலிதீனில் காற்றுப் புகாமல் சுற்றி, மைனஸ் 18 டிகிரி ஃப்ரீசரில் இரண்டு வாரம் வையுங்கள். வெளியே எடுத்ததும் ஒரு நாள் வரை உறையைப் பிரிக்காதீர்கள், பிரித்தால் மரத்தில் நீர் கோத்துக்கொள்ளும். அப்புறம் அடியில் கறுப்புக் காகிதம் விரித்துப் பாருங்கள். புதுத் தூள் விழுந்தால் இன்னொரு முறை செய்ய வேண்டும்.

சரி, விரிசலுக்கு வருவோம். வளைந்த இருக்கை, நடுத்தண்டு, அடிப்பலகை மூன்றும் ஒரே கட்டையில் செதுக்கப்பட்டவை, ஆணியோ இணைப்போ கிடையாது. பச்சை மரத்தில்தான் வாய்ச்சி சுலபமாக இறங்கும் என்பதால் ஈரம் இருக்கும்போதே கொத்திவிடுகிறார்கள். பிறகு மெல்லிய ஓரம் சீக்கிரம் காய்ந்து சுருங்குகிறது, தடித்த நடுப்பகுதி அதே வேகத்தில் சுருங்குவதில்லை. அந்த இழுபறியில் ஓரம் பிளக்கிறது. டிசம்பர், ஜனவரியில் சகாராவிலிருந்து வீசும் ஹர்மட்டான் வறட்டுக் காற்றும் ஏசி அறையும் இதை மோசமாக்கும்.

விரிசலின் முனையில் பென்சிலால் கோடு போட்டு, ஒரு மழைக்காலம் போகட்டும். இப்போதே கெட்டியான பசையை அடைத்தால், மழையில் மரம் உப்பும்போது பிளவு இன்னும் நீளும். கோட்டைத் தாண்டாமல் நின்றுவிட்டால், மயிரிழைப் பிளவுக்குத் தேன்மெழுகு போதும். அகலமானதற்கு அதே மரத்தின் சிம்பை ரேகை ஒத்துப்போகும்படி பசையிட்டுச் செருகுங்கள்.

வார்னிஷ் எனக்கு உடன்பாடில்லை. செசேயின் வெண்மைதான் அதன் அழகு. மணலும் தண்ணீரும் கொண்டு தேய்த்து அதைக் காப்பதே அங்குள்ள வழக்கம். மறைந்த தலைவர்களின் ஸ்டூல்களைத்தான் கறுப்பாக்குவார்கள். உட்கார்ந்து எழுந்ததும் ஸ்டூலைச் சாய்த்து வைக்கும் அசாந்தி வழக்கத்தையும் பின்பற்றுங்கள். வேறு ஆவி வந்து அமரக்கூடாது என்பது அவர்கள் நம்பிக்கை. உங்களுக்கு அடிப்பாகம் கண்ணில் படும், தூள் கொட்டினால் உடனே தெரியும்.

அடுத்த முறை வாங்கும்போது ஒரே அளவில் இரண்டைத் தூக்கிப் பார்த்து, கனம் குறைந்ததை எடுங்கள், அதில் ஈரம் குறைவாக இருக்கும்.