கலெக்டர் எப்போது கையெழுத்துப் போடுவார்?

அன்புள்ள ஆசிரியருக்கு,

20 நிமிடக் குறும்படம் ஒன்றுக்குத் திரைக்கதை எழுதியிருக்கிறேன். கல்குவாரி குத்தகையை ரத்து செய்யும் பெண் கலெக்டரின் கதை. முதல் 5 காட்சிகளை இணைத்துள்ளேன். படித்தவர்கள் எல்லாரும் "கேரக்டர்ல கெத்து இல்ல" என்கிறார்கள். அதனால் ஸ்லோமோஷனில் ஓர் அறிமுகம் சேர்த்தேன். குவாரி முதலாளியை அவர் அறைவது போலவும் எழுதிப் பார்த்தேன். இப்போது எனக்கே பிடிக்கவில்லை. நம் படங்களில் அதிகாரத்தில் இருக்கும் பெண் ஒன்று கத்துகிறாள், இல்லாவிட்டால் அம்மனாகிவிடுகிறாள். உருப்படியாகச் செய்த படம் எது? நான் எங்கே சறுக்குகிறேன்?

எஸ்., மதுரை

அன்புள்ள எஸ்.,

நீங்கள் அனுப்பிய 5 காட்சிகளில் கலெக்டர் 3 இடத்தில் கத்துகிறார், ஓரிடத்தில் அறைகிறார். ஒரு தாளில்கூடக் கையெழுத்துப் போடவில்லை. அவரால் எதுவும் மாறவில்லை என்பதைத்தான் உங்கள் நண்பர்கள் "கெத்து இல்ல" என்று சொல்லியிருக்கிறார்கள். அவர்கள் கண்டுபிடித்த நோய் சரி, நீங்கள் கொடுத்த மருந்துதான் தப்பு.

ஸ்லோமோஷன் நடை நாயகனுக்கு எடுபடுவதற்குக் காரணம், பின்னாலேயே சண்டை வரும் என்று தியேட்டருக்குத் தெரியும். விஜயசாந்திக்கும் அப்படித்தான் எடுபட்டது. தெலுங்கில் 1990-இல் வந்த ‘கர்த்தவ்யம்’, தமிழில் ‘வைஜெயந்தி ஐ.பி.எஸ்.’ ஆகி இங்கேயும் ஓடியது. அந்தப் பாத்திரம் நடந்து வந்தது, அடித்தது, கணக்கு நேராயிற்று. அவருக்குத் தேசிய விருதும் கிடைத்தது. உங்கள் கலெக்டர் கோப்பு பார்க்கிறவர். நடையில் வாங்கிய கடனைத் தீர்க்க அவரிடம் சண்டை இல்லை, அதனால்தான் முதலாளியை அறையும் காட்சியைத் திணிக்க வேண்டி வந்தது. இரண்டையும் சேர்த்தே வெட்டுங்கள்.

அதிகாரத்தைக் கண்ணுக்குத் தெரியவைக்க நல்ல பாடம் வேண்டுமென்றால் ‘படையப்பா’வில் (1999) அந்த ஊஞ்சல் காட்சியைச் சத்தத்தை அணைத்துவிட்டுப் பாருங்கள். நீலாம்பரி கால் மேல் கால் போட்டு உட்கார்ந்திருக்கிறாள். வந்து நிற்கும் படையப்பாவுக்கு (ரஜினி) நாற்காலி இல்லை. அவள் எடுத்த முடிவு அது, வசனமே தேவையில்லை. அவர் அண்ணாந்து பார்க்கிறார், துண்டை வீசுகிறார், மேலே கிடந்த ஊஞ்சல் இறங்குகிறது, உட்கார்ந்துவிடுகிறார். தியேட்டர் விசிலடித்தது அவருக்கு. அவளுடைய அதிகாரம், அவர் அதை முறியடிப்பதற்காகவே கட்டப்பட்டது. ஆனால் உத்தி அருமையானது: யார் உட்கார்கிறார், யார் நிற்கிறார், யார் சொல்லி.

இதை உங்கள் 2-ஆம் காட்சிக்குக் கொண்டுவரலாம். எம்.எல்.ஏ.வும் குவாரி முதலாளியும் அறைக்குள் வரும்போது கலெக்டர் எழுந்திருக்காமல் பேனாவை உருட்டிக்கொண்டிருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். மக்கள் பிரதிநிதி வந்தால் அதிகாரி எழுந்து வரவேற்க வேண்டும் என்பது அரசு நடைமுறை. எழுந்திருக்காத அதிகாரி துணிச்சல்காரராகத் தெரியமாட்டார். வேலை தெரியாதவராகத்தான் தெரிவார். அவர் எழுந்திருக்கட்டும். எம்.எல்.ஏ.வுக்கு மரியாதையாக நாற்காலியைக் காட்டட்டும். முதலாளி பக்கத்து நாற்காலியை இழுக்கும் அந்த நொடியில், "உங்க மனு?" என்று கையை நீட்டட்டும். மனு எதுவும் கொண்டுவராத மனிதர் சட்டைப்பையைத் தடவிக்கொண்டு நிற்பார். எம்.எல்.ஏ. அவரைத் திரும்பிப் பார்ப்பார். அவ்வளவு போதும். கேமராவைக் கீழே வைத்துக் கலெக்டரைப் பெரிதாக்க வேண்டியதில்லை. கண் மட்டத்திலேயே இருக்கட்டும். அவர் அசையாமல் இருக்க, மற்றவர்கள் அசையட்டும்.

அடுத்தது 4-ஆம் காட்சி. குவாரி வாசலில் நின்று "இந்த நிமிஷமே கேன்சல்" என்கிறார். மறுநாளே குவாரிக்காரரின் வக்கீல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போய்த் தடை கேட்பார். விளக்கம் கேட்காமல் ரத்து செய்தது இயற்கை நீதிக்கு முரண் என்ற ஒரே வாதம் அவருக்குப் போதும். உங்கள் கலெக்டர் வீரமாகப் பேசிக் குவாரிக்காரருக்கு வழக்கை ஜெயித்துக் கொடுக்கிறார். சட்டம் தெரிந்த பார்வையாளர் சிரிப்பார், தெரியாதவருக்கும் ஏதோ பொய் என்று உறைக்கும்.

நடக்கிற முறையில் இதைவிட நாடகம் இருக்கிறது. வட்டாட்சியர், கனிமவளத்துறை அதிகாரி, நில அளவையர் சேர்ந்து கூட்டு ஆய்வுக்குப் போகிறார்கள். குத்தகைக்கு விட்ட புல எண்ணைத் தாண்டி வெட்டியிருக்கிறதா, அனுமதித்த ஆழத்தைத் தாண்டியிருக்கிறதா என்று அளக்கிறார்கள். பள்ளம் 100 மீட்டர் நீளம், 60 மீட்டர் அகலம், 10 மீட்டர் ஆழம் என்று வைத்துக்கொள்ளுங்கள். 60,000 கன மீட்டர் கல் வெளியே போயிருக்கிறது. கல் கொண்டுபோகக் கொடுத்த நடைச்சீட்டுகளை (அனுமதிச் சீட்டுகளை) கூட்டினால் 20,000-தான் வருகிறது. "மீதி 40,000 எங்கே?" என்று தாழ்ந்த குரலில் ஒரு கேள்வி. உங்கள் படத்தின் முக்கியமான வசனம் அதுதான், அதைக் கத்தவே முடியாது. பிறகு விளக்கம் கேட்டு நோட்டீஸ், பதிலுக்கு அவகாசம், நேரில் விசாரணை, கடைசியில்தான் உத்தரவு.

இந்த அவகாசத்தில்தான் உங்கள் கதையே இருக்கிறது. மாற்றல் உத்தரவை 5-ஆம் காட்சியில் சோக முடிவாக வைத்திருக்கிறீர்கள். அதை 3-ஆம் காட்சிக்கு முன்னால் இழுங்கள். தலைமைச் செயலாளரின் உத்தரவு வந்துவிட்டது. ஆனால் பொறுப்பை ஒப்படைக்கும்வரை அவர்தான் கலெக்டர். நோட்டீஸுக்குப் பதில் தரும் கெடு முடிய இன்னும் நாளிருக்கிறது. இன்றைக்கே கையெழுத்துப் போட்டால் குவாரி இன்றைக்கு நிற்கும், ஆனால் நீதிமன்றத்தில் அந்த உத்தரவு செல்லாமல் போகும். போடாமல் போனால் கோப்பு வலுவாக இருக்கும், ஆனால் அது அடுத்து வருபவரின் கைக்குப் போகும். எதைச் செய்தாலும் ஒன்றை இழக்க வேண்டும். அவர் எதை இழக்கத் தயாராகிறார் என்பதை நீங்கள்தான் முடிவு செய்ய வேண்டும். முடிவெடுத்ததும் அவர் முகத்திலேயே நிற்காதீர்கள். உத்தரவைத் தட்டச்சு செய்பவர், உறையை வாங்கிக்கொண்டு போகிறவர், குவாரியில் அதைப் படிக்கிற மேஸ்திரி என்று வெட்டுங்கள். ஒரு கையெழுத்து எத்தனை பேரை நகர்த்துகிறது என்று தெரிந்தால் போதும்.

உருப்படியாகச் செய்த படம் எது என்று கேட்டீர்கள். எது இல்லை என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ‘மன்னன்’ (1992) படத்தில் விஜயசாந்தி தொழிலதிபர். ஆனால் தொழிலை எப்படி நடத்துகிறார் என்பது அந்தப் படத்துக்குத் தேவைப்படவில்லை, அவருடைய திமிர் மட்டும் போதுமாக இருந்தது. கடைசியில் அவர் இல்லத்தரசி ஆவதே சுபம். ‘கொடி’யில் (2016) த்ரிஷாவுக்கு அரசியல் ஆசை, அந்த ஆசை கொலை வரைக்கும் போகிறது. ஆண் பாத்திரத்துக்கு இதே ஆசை இருந்தால் அது முன்னேற்றப் பாட்டாகியிருக்கும்.

கோபி நயினாரின் ‘அறம்’ (2017) வேறு ரகம். குழந்தை ஆழ்துளைக் கிணற்றில் விழுந்துவிட்டது. வழக்கமான வழிகள் ஒவ்வொன்றாகத் தோற்றுப்போகின்றன. குழந்தையின் அண்ணனையே கயிறு கட்டிக் குழிக்குள் இறக்கலாம் என்ற இடத்துக்கு வந்து நிற்கிறது. தவறினால் ஒரே வீட்டில் இரண்டு பிள்ளைகள் போய்விடுவார்கள். நயன்தாரா நடித்த மதிவதனி அந்த முடிவை எடுக்கிறார். பழி முழுக்கத் தன் தலையில் விழும் என்று தெரிந்தே எடுக்கிறார். அவருக்குப் பதில் ஒரு நாயகன் வந்து குதிக்கவில்லை. தமிழில் ஓர் அதிகாரப் பதவியில் இருக்கும் பெண் முடிவெடுப்பதை இவ்வளவு நேரம் பொறுமையாகக் காட்டிய வெகுசனப் படம் வேறு ஒன்று எனக்கு நினைவுக்கு வரவில்லை. ஆனாலும் படம் தொடங்குவது அவர் விசாரணை அதிகாரி முன் பதில் சொல்ல உட்கார்ந்திருப்பதில். முடிவது ராஜினாமாவில். நாற்காலியில் இருந்துகொண்டே நல்லவளாக இருக்க முடியாது என்று படமே நம்பிவிடுகிறது. வசனங்களில் பிரசங்கம் கொஞ்சம் தூக்கல் என்பது தனிக் குறை, அதை மன்னித்துவிடலாம்.

ராஜினாமா இல்லாத முடிவுக்கு இந்தியில் குல்சாரின் ‘ஆந்தி’யைப் (1975) பாருங்கள். சுசித்ரா சென்னின் உடையையும் நரைக்கீற்றையும் பார்த்து இந்திரா காந்தி என்றே ஊர் பேசியது, நெருக்கடி நிலையின்போது படம் தடைசெய்யப்பட்டது. அரசியல் தலைவியான நாயகி, பிரிந்த கணவரைத் தேர்தல் வேலைக்கு வந்த ஊரில் சந்திக்கிறாள். பழைய காதல் திரும்புகிறது. அதற்காகப் பதவியைத் துறந்துவிட்டு வீட்டோடு இருக்கவில்லை, வேலைக்குத் திரும்பிப் போகிறாள். 1975-இல் முடிந்தது இப்போது ஏன் நம் எழுத்தாளர்களுக்கு முடியவில்லை என்பதை அவர்களிடம்தான் கேட்க வேண்டும்.

சில்லறை விஷயங்கள். கலெக்டர் காரின் மேல் சிவப்புச் சுழல்விளக்கு எழுதியிருக்கிறீர்கள். 2017 மே மாதத்திலிருந்து அது கிடையாது, எடுத்துவிடுங்கள். எஸ்.பி.யை "சஸ்பெண்ட் பண்ணிடுவேன்" என்று மிரட்டும் வசனமும் வேண்டாம், அந்த அதிகாரம் கலெக்டருக்கு இல்லை. டபேதாரை வெறும் கதவு திறப்பவராக விட்டுவிடாதீர்கள். பல கலெக்டர்களைப் பார்த்தவர் அவர். மனுவைத் தேடி முதலாளி பையைத் தடவும்போது ஒரு ஷாட்டை அவருக்குக் கொடுக்கலாம். திங்கட்கிழமை குறைதீர்க்கும் கூட்டத்தை நீங்கள் மாண்டாஜாக, துண்டு துண்டுக் காட்சிகளாக, ஓட்டியிருப்பது வீண். குவாரி வெடியில் சுவர் விரிந்த வீட்டுக்காரர் அங்கேதான் முதலில் வரவேண்டும். அவருடைய மனுவின் ஓரத்தில் கலெக்டர் எழுதும் 2 வரியிலிருந்து கூட்டு ஆய்வு தொடங்கட்டும். அப்படியானால் உங்கள் 1-ஆம் காட்சி தேவைப்படாது; 20 நிமிடத்தில் 3 நிமிடம் மிச்சம்.

திருத்திய பிரதியை அனுப்புங்கள்.