கொறங்காடு: கேட்டதும் சொன்னதும்

தாராபுரத்திலிருந்து: 2 ஏக்கர் சோளக்காட்டைத் திரும்பவும் கொறங்காடாக, அதாவது வேலி அடைத்த மானாவாரி மேய்ச்சல் நிலமாக, ஆக்க ஆசை. கொழுக்கட்டைப் புல் விதையை எப்படிப் போடுவது?

ஏக்கருக்கு 3 கிலோ போதுங்க. ஆனால் இந்த வருடம் உருவிய விதையை இந்த மழைக்கே போட்டுவிடாதீர்கள். அப்படிப் போட்டு ஒரு ஐப்பசி மழையையே வீணாக்கியிருக்கிறேன். புது விதைக்கு உறக்கம் உண்டு. 6 மாதமாவது சாக்கில் கிடக்கட்டும்.

கையில் எடுத்துப் பாருங்கள், விதை முழுக்கச் சுணை. விரலில் ஒட்டும், வீசினால் காற்றோடு போய்விடும். ஈரமண்ணும் சாணியும் சேர்த்துப் பிசறித் தூவி, மேலே ஒரு முள்ளுக் கொப்பை இழுத்துவிட்டால் சரி. ஆழத்தில் புதைந்தால் முளைக்காது. முதல் வருடம் கதிர் முற்றி விதை உதிரும்வரை ஆட்டை உள்ளே விடவே கூடாது.

கம்பி வேலி இருக்க, கிளுவை உயிர்வேலி எதற்கு?

கம்பி துருப்பிடிக்கும், கிளுவை தழையும். மழைக்கு முன்னால் போத்து (நடும் கிளை) வெட்டி நெருக்கமாக ஊன்றுங்கள்.

சூப்பர் நேப்பியர் தீவனப்புல் போடலாமா?

தண்ணீர் இருந்தால் தோட்டத்தில் போடுங்கள். கொறங்காடு மானாவாரி.

ஒரு ஏக்கர் கொறங்காட்டில் நேப்பியர் கரணை...

மேலே சொன்ன பதிலை மறுபடியும் படியுங்கள்.

எங்கள் ஊர்ப் பையன்கள் தரிசில் மரக்கன்று நடக் கேட்கிறார்கள். புல்தானே இருக்கிறது?

புல் இருந்தால் அது தரிசு இல்லை, கண்ணு. மாடும் ஆடும் பசியாறுகிற இடம். பள்ளிக்கூடத்தைச் சுற்றி நடச் சொல்லுங்கள்.

சீமைக்கருவேலம்?

மழை பெய்து மண் இளகியதும் கன்றாகவே வேரோடு பிடுங்குங்கள். வெட்டிவிட்டால் தூரிலிருந்து துளிர்க்கும். காயைத் தின்ற மாடு சாணி போடும் இடமெல்லாம் முளைக்கும். பிடுங்கிய இடத்தில் புல் விதை போட்டால், மறுபடியும் சொல்கிறேன், விதை உதிரும்வரை ஆடு வேண்டாம்.

கரூர்க்காரர்: கொறங்காட்டில் நிற்கும் வெள்வேல் மரத்தை வெட்டிவிட்டால் புல் இன்னும் வருமே?

வெள்வேல் இலை பொடி இலை, நிழல் சல்லடை மாதிரி. கோடையில் புல் காய்ந்து கிடக்கும்போது அதன் காய்தான் தீனி. காற்றடித்துக் காய் விழுகிற சத்தம் கேட்டால் மேச்சேரி ஆடு ஓடுகிற ஓட்டத்தைப் பார்த்திருக்கிறீர்களா?

அவரே: டிராக்டருக்கு இடைஞ்சல்.

வருடா வருடம் டிராக்டர் ஓட்டினால் அது கொறங்காடா? சில வருடத்துக்கு ஒருமுறை லேசாக உழுது கொள்ளு விதைப்பது உண்டு. அதற்கு மரத்தைச் சுற்றிப் போகலாம்.

மறுபடியும் அவரே: எங்கள் காட்டில் மரத்தடியில் புல்லே இல்லை!

மாடு படுக்கிற இடத்தில் எப்படி வரும்? அதுவும் எங்கேயாவது படுக்க வேண்டுமில்லையா?