ஆச்சி தின்றாவா, பொடியன் தின்றானா?

கேள்வி: அடுத்த சொல்லை ஊகிக்கும் கணினி மாதிரியை வைத்து, மனிதர் வாசிக்கும் விதத்தை எப்படி விளக்குகிறார்கள்?
– களுவாஞ்சிகுடி வாசகி

பதில்: கல்லடிப் பாலத்தில் நின்று, "அப்பா வாவியில் வலை வீசிப் பிடித்தது..." என்று நான் இழுத்தால், மகள், நீங்களே 'மீன்' என்பீர்கள். (என் மனைவி நான் வாயைத் திறக்க முன்னமே சொல்லிவிடுவா.) 'குடை' என்றால்? ஒரு கணம் திகைப்பீர்கள். அப்படிப் பொருந்தாத சொல்லை வாசித்து ஏறக்குறைய 400 மில்லிசெக்கனில் மூளையில் தனியான ஒரு மின் அலை எழுவதை 1980இல் கூட்டாஸ், ஹில்யார்ட் என்ற ஆய்வாளர்கள் இருவரும் காட்டினார்கள்.

அந்தத் திகைப்பை அளக்கத்தான் கணினி மாதிரி. வரும் சொல்லுக்கு அது வாய்ப்புக் கணக்கிடும். வாய்ப்புக் குறையக் குறைய வியப்புக் கூடும்; அதை அளக்கும் அலகு 'பிட்'. அரைவாசி வாய்ப்பென்றால் 1 பிட் வியப்பு, எட்டில் ஒன்றென்றால் 3 பிட். வாசிப்புச் சிரமத்தை இப்படி அளக்கலாம் என்று 2001இல் மொழியியலாளர் ஜான் ஹேல் முன்வைத்தார். வியப்புக் கூடிய சொல்லில் நம் கண்ணும் பொதுவாகக் கூடநேரம் தங்குகிறது.

சரி, எல்லாம் பொருந்துகிறதா? இல்லை. "ஆச்சி மாம்பழம் தின்ற பொடியனை ஏசினா." 'தின்ற' வரை தின்றது ஆச்சிதான்! 'பொடியனை' வந்ததும் கட்டியதைப் பிரித்துத் திரும்பக் கட்டவேண்டும். இப்படி வழிதவற வைக்கும் ஆங்கில வாக்கியங்களில், மாதிரியின் கணக்கு சொல்வதைவிட மனிதர் அதிகம் தடுமாறுகிறார்கள். எனக்குப் பிடித்த இடமே இதுதான். ஊகத்துக்கு மேலே திருத்திக் கட்டும் வேலையும் மண்டைக்குள் நடக்கிறது போலும். அது என்னவென்றுதான் இப்போது தேடுகிறார்கள்.